பொலோஞாவில் ஐந்து நாள்: வாசலைத் தெருவுக்குக் கொடுத்த ஊர்

நாள் 1, புதன்

மிலனில் எனக்கு இருந்த அலுவலக வேலை நேற்றோடு முடிந்தது. அம்மாவையும் கூட்டி வந்திருந்ததால் ஊர் திரும்புவதற்கு முன்னால் ஐந்து நாள் எடுத்துக்கொண்டோம். வெனிஸ் போ, ரோம் போ என்று எல்லோரும் சொன்னார்கள். நான் பொலோஞாவைப் பிடித்துக்கொண்டேன். மிலனிலிருந்து வேக ரயிலில் ஒரு மணி நேரப் பயணம்தான், அம்மாவுக்கு 68 வயது, முழங்கால் வலி வேறு, நாளெல்லாம் ரயிலில் உட்கார வைக்க எனக்கு மனமில்லை. அப்புறம் இந்த ஊரில் மழையோ வெயிலோ மேலே படாமல் மைல் கணக்கில் நடக்கலாம் என்று எப்போதோ படித்தது மனதில் ஒட்டிக்கொண்டிருந்தது.

சாயங்காலம் ஐந்தரைக்கு இறங்கினால் நல்ல மழை. குடை பெட்டியின் அடியில் கிடக்கிறது. ஸ்டேஷனை விட்டு வெளியே வந்து சாலையைக் கடக்கும் வரைக்கும்தான் நனைந்தோம். அதன் பிறகு இந்திபெந்தென்சா தெரு முழுக்க, அறை இருக்கும் சந்து வரைக்கும், கிட்டத்தட்ட இருபது நிமிடம், தலையில் ஒரு சொட்டு விழவில்லை. ஒரு பக்கம் கடைகள், இன்னொரு பக்கம் வரிசையாகத் தூண்கள், தூணுக்குத் தூண் வளைவு, நம் தலைக்கு மேலே அந்த வீட்டின் முதல் மாடி. வீடு தன் கீழ்த்தளத்தைக் கொஞ்சம் பின்னால் இழுத்துக்கொண்டு, முன்பக்கத்தை நடக்கிறவர்களுக்கு விட்டுவிட்டது போல இருக்கிறது. தரை வழுவழுவென்று மொசைக், நம் ஊரில் எழுபதுகளில் கட்டிய வீடுகளில் இருக்குமே, அதே கல் பொடி பதித்த மொசைக். பெட்டியின் சக்கரம் சத்தமே இல்லாமல் ஓடியது.

இந்த நடைக்கு அவர்கள் வைத்திருக்கும் பெயர் போர்டிகோ. நமக்கும் தெரிந்த சொல்தான். அம்மா கொஞ்ச தூரம் பேசாமல் வந்தவள், ஒரு தூணைத் தொட்டுப் பார்த்துவிட்டுச் சொன்னாள்: "நம்ம ஊர்ல போர்டிகோன்னா காரை நிறுத்தற இடம். இது போர்டிகோ இல்லடி, திண்ணை. தெரு முழுக்க ஒரே திண்ணை."

மன்னார்குடிக்குப் பக்கத்தில் இருந்த தாத்தா வீட்டுத் திண்ணையைப் பற்றி எனக்கு அவள் சொல்லிச் சொல்லியே மனப்பாடம். ராத்திரி யாராவது வழிப்போக்கர் வந்து படுத்துவிட்டு விடியற்காலையில் எழுந்து போய்விடுவார்களாம், யார் என்று யாரும் கேட்டதில்லையாம். அந்தத் திண்ணைக்குப் பின்னாளில் கம்பி கேட் போட்டாகிவிட்டது. அதை நானே பார்த்திருக்கிறேன்.

அறைக்கு லிஃப்ட் உண்டு என்று பதிவு செய்யும்போது போட்டிருந்தார்கள். இல்லை. மூன்று மாடி. அம்மா ஒவ்வொரு மாடியிலும் நின்று நின்று ஏறினாள், எனக்குக் கோபம் கோபமாக வந்தது, வீட்டுக்காரரிடம் கேட்டால் பழைய கட்டடம் என்று கையை விரிக்கிறார். அதை முன்னாலேயே சொல்லியிருக்க வேண்டும் இல்லையா. சரி, ராத்திரி பக்கத்துக் கடையில் தோர்த்தெல்லோனி சாப்பிட்டோம். நம் கொழுக்கட்டையைச் சின்னதாக மடித்தது போல இருக்கும், உள்ளே ரிக்கோத்தா பாலாடைக்கட்டியும் கீரையும், மேலே வெண்ணெயும் சேஜ் இலையும். கறி, மீன் எதுவும் கிடையாது என்று இரண்டு தரம் கேட்டு உறுதி செய்துகொண்டேன். அம்மாவுக்கு மிகவும் பிடித்துவிட்டது.

நாளை காலை பத்து மணிக்கு வழிகாட்டியோடு மூன்று மணி நேர நடை.

நாள் 2, வியாழன்

மழை விட்டிருந்தது. நெப்டியூன் நீரூற்றுக்கு எதிரே கூடச் சொல்லியிருந்தார்கள். மொத்தம் பதினாலு பேர். வழிகாட்டி ஐம்பது வயதுக்குப் பக்கத்தில் இருக்கும் ஒரு அம்மாள், இந்த ஊரிலேயே பிறந்து வளர்ந்தவர், கழுத்தில் உரிமம் பெற்ற வழிகாட்டி என்கிற அட்டை. ஆளுக்கு ஒரு காதுக் கருவி கொடுத்தார். அம்மாவின் நடையைப் பார்த்துவிட்டு, "சிஞோரா, உங்கள் வேகம்தான் இன்றைக்கு எல்லோருடைய வேகமும்" என்றார். நான் தமிழில் சொன்னதும் அம்மா அவர் கையைப் பிடித்துக்கொண்டாள்.

நெப்டியூன் சிலை 1560-களில் ஜாம்போலோஞா என்ற சிற்பி செய்த வெண்கலம். இந்த ஊரில் பிறந்த மசராட்டி கார் நிறுவனத்தின் திரிசூலச் சின்னம் அந்தச் சிலையின் கையில் இருப்பதுதான். அதை இரண்டு வரியில் முடித்துவிட்டு, எங்களை அப்படியே திரும்பி நிற்கச் சொன்னார். எதிரே ஒரு சுவர். சுவர் முழுக்க முகங்கள், உள்ளங்கை அளவுப் பீங்கான் ஓடுகளில் பதித்த கறுப்பு வெள்ளைப் படங்கள், ஒவ்வொன்றின் கீழும் பெயர். இரண்டாம் உலகப் போரில் நாஜிகளையும் பாசிஸ்டுகளையும் எதிர்த்து உயிர் விட்ட போராளிகள், இந்த மாவட்டத்தில் மட்டும் இரண்டாயிரத்துக்கு மேல். இதே சுவருக்கு முன்னால் அவர்களில் சிலரைச் சுட்டுக் கொன்றார்கள். 1945 ஏப்ரல் 21-ஆம் தேதி ஊர் விடுதலையானதும் வீட்டுப் பெண்கள் வந்து படங்களையும் பூவையும் இந்தச் சுவரில் வைக்கத் தொடங்கினார்களாம், யாரும் ஏற்பாடு செய்யவில்லை. பின்னால் அது நிரந்தரமான நினைவிடமாகிவிட்டது. பள்ளிக்கூடம் முடித்திருக்கவே முடியாத வயதில் ஒரு பையன், காது கொஞ்சம் விடைத்து, சட்டைக் காலர் ஒரு பக்கம் மடங்கியபடி இருந்தான். அவசரத்தில் எடுத்த படம். அம்மா 34 வருஷம் பள்ளி ஆசிரியை, அவனை விட்டு நகர மாட்டேன் என்கிறாள்.

பக்கத்திலேயே பொதேஸ்தா மாளிகையின் அடியில் ஒரு நாற்சந்தி வளைவு. ஒரு மூலையில் சுவரைப் பார்த்து நின்று மெதுவாகப் பேசினால் எதிர் மூலையில் சுவரில் காது வைத்தவருக்குக் கேட்கும். நடுவில் ஆட்கள் போய்க்கொண்டிருக்கிறார்கள், அவர்களுக்குக் கேட்காது. நான் காதை வைத்தேன். அம்மா குரல் பக்கத்தில் நிற்பது போல வந்தது: "கால் வலிக்கல. நீ என்னைத் திரும்பித் திரும்பிப் பாக்காம நட."

பியாத்சா மஜோரே என்கிற பெரிய சதுக்கத்தில் சான் பெத்ரோனியோ தேவாலயம். 1390-இல் தொடங்கிய வேலை, முகப்பு இன்னும் முடியவில்லை: கீழ்ப்பாதி வெள்ளையும் இளஞ்சிவப்புமாகப் பளிங்கு, மேல்பாதி வெறும் செங்கல். 1530-இல் ஐந்தாம் சார்லஸுக்குப் போப்பாண்டவர் பேரரசர் முடி சூட்டியது இங்கேதான். சதுக்கத்தின் மேற்கே இருக்கிற நகர மாளிகையைக் காட்டி வழிகாட்டி லௌரா பாசி கதையைச் சொன்னார். 1732-இல், இருபது வயதில், அங்கே எல்லோர் முன்னிலையிலும் நின்று, கேட்ட கேள்விகளுக்கு வாய்மொழியாகப் பதில் சொல்லி முனைவர் பட்டம் வாங்கியவர். பல்கலைக்கழகம் சம்பளம் கொடுத்து வேலையும் கொடுத்தது. ஆனால் பெண் என்பதால் பொது மண்டபத்தில் எப்போதாவதுதான் பாடம் நடத்த விட்டார்கள். அவர் என்ன செய்தார் என்றால், வீட்டிலேயே சோதனைக் கருவிகளை வாங்கி வைத்து மாணவர்களை அங்கே வரச் செய்தார். இயற்பியல் பேராசிரியர் பதவி கடைசியில் 1776-இல் வந்து சேர்ந்தது, அப்போது அவருக்கு அறுபதுக்கு மேல்.

அப்புறம் குவாத்ரிலாத்தெரோ, பழைய சந்தைச் சந்துகள். மீன் கடை, பழக்கடை, கூரையிலிருந்து தொங்கும் பன்றித்தொடைகள், மொர்த்தாதெல்லா என்கிற தலையணை பருமன் இறைச்சி உருளை. பாஸ்தா கடைக் கண்ணாடிக்குப் பின்னால் இரண்டு பெண்கள் மாவைத் தேய்த்துக்கொண்டிருந்தார்கள், மாவு அவ்வளவு மெலிசு, கீழே மேஜைப் பலகையின் நிறம் தெரிகிறது. தாலியத்தெல்லே வெந்த பிறகு 8 மில்லிமீட்டர் அகலம் இருக்க வேண்டும் என்று 1972-இல் இந்த ஊர் வணிகச் சபையில் முறைப்படி பதிவே செய்து வைத்திருக்கிறார்கள்.

இங்கே ஒரு விஷயம் நடந்தது, சைவமாகச் சாப்பிடுகிறவர்கள் தெரிந்துகொள்ள வேண்டும் என்பதால் எழுதுகிறேன். பார்மிஜானோ பாலாடைக்கட்டி ருசி பார்க்கக் கொடுத்தபோது வழிகாட்டி அம்மாவிடம் தட்டை நீட்டாமல் நிறுத்திவிட்டு, "நீங்கள் சைவம் என்றீர்களே, இதில் பாலைத் திரிய வைக்கக் கன்றுக்குட்டியின் வயிற்றிலிருந்து எடுக்கும் பொருளைச் சேர்ப்பார்கள், சட்டப்படி அப்படித்தான் செய்யணும்" என்றார். நேற்று ராத்திரி சாப்பிட்ட தோர்த்தெல்லோனியில் அது இருக்குமா என்று கேட்டேன். பெரும்பாலும் இருக்கும் என்றார். எனக்கு முகம் சுண்டிவிட்டது, இரண்டு தரம் கேட்டும் இதைக் கேட்கத் தெரியவில்லையே என்று. அம்மா கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, "தெரியாமத்தானே சாப்ட்டோம். இந்தப் பொண்ணு நிறுத்திச் சொன்னாளே, அதுக்கு நன்றி சொல்லு" என்றாள். சொன்னேன். அதற்குப் பிறகு ஒவ்வொரு கடையிலும் கேட்டுத்தான் வாங்கினோம்.

சாந்தோ ஸ்தெஃபானோ முக்கோணச் சதுக்கத்துக்குப் போய், கூழாங்கல் பாவிய தரையில் அம்மாவைக் கைப்பிடியாகக் கூட்டிக்கொண்டு, ஒன்றுக்குள் ஒன்றாகத் தேவாலயங்களைக் கோத்துக் கட்டியிருக்கும் அந்த வளாகத்தையும் பார்த்தோம். நன்றாகத்தான் இருந்தது. ஆனால் என் மனம் அதற்கு அடுத்த இடத்தில் நின்றுவிட்டது.

சதுக்கத்திலிருந்து ஒரு முற்றம் வழியாகப் புகுந்து ஸ்த்ராதா மஜோரே தெருவில் வெளியே வந்தால் இஸோலானி வீடு. பதின்மூன்றாம் நூற்றாண்டு. அதன் போர்டிகோ மரத்தூண்களில் நிற்கிறது, கருவாலி மரம், சுமார் ஒன்பது மீட்டர் உயரம். மரத்தில் நீள நீளமாக வெடிப்பு, உள்ளங்கையை வைத்தால் வெடிப்புக்குள் விரல் நுனி போகிறது, உள்ளே மரம் காய்ந்து கல் போல இருக்கிறது. எல்லோரும் மேலே உத்திரத்தில் குத்தி நிற்பதாகச் சொல்லப்படும் மூன்று அம்புகளைத் தேடிக்கொண்டிருந்தார்கள். வழிகாட்டி அந்தக் கதையைச் சீக்கிரம் முடித்துவிட்டு எங்களைத் தூணோரமாக நிறுத்தி, போர்டிகோ எப்படி வந்தது என்று சொல்ல ஆரம்பித்தார்.

பல்கலைக்கழகம் 1088-இல் தொடங்கியதாகக் கணக்கு. சட்டம் படிக்க ஐரோப்பா முழுவதிலிருந்தும் பையன்கள் வந்து குவிந்தார்கள், தங்க இடமில்லை. வீட்டுக்காரர்கள் மேல்மாடியைத் தெருப்பக்கம் நீட்டி அறை கட்டினார்கள். நீட்டியது பாரம் தாங்காமல் தொங்கவும் கீழே மரக்கால் ஊன்றினார்கள். அந்தக் காலுக்கும் சுவருக்கும் நடுவே கிடைத்த இடம்தான் போர்டிகோ. மற்ற ஊர்களிலும் இப்படி நடந்தது, அங்கெல்லாம் ஆக்கிரமிப்பு என்று இடித்துத் தள்ளினார்கள். பொலோஞா 1288-இல் நேர்மாறாக ஒரு சட்டம் போட்டது: புது வீடு கட்டினால் போர்டிகோவோடுதான் கட்டணும், அதுவும் உன் சொந்த நிலத்தில். இல்லாத வீட்டுக்காரர்கள் சேர்த்துக் கட்டணும். உயரம் குறைந்தது ஏழு பொலோஞா அடி, அதாவது 2.66 மீட்டர், குதிரைமேல் உட்கார்ந்தபடி ஒருவர் போகிற அளவு. 1568-இல் மரத்தூண்களை எடுத்துவிட்டுச் செங்கல்லோ கல்லோ வைக்கச் சொன்னார்கள், அதையும் மீறி நிற்கிற சில தூண்களில்தான் நான் கை வைத்துக்கொண்டிருந்தேன். இன்றைக்குப் பழைய நகரத்துக்குள் சுமார் 40 கிலோமீட்டர், வெளியேயும் சேர்த்தால் 62. யுனெஸ்கோ 2021-இல் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது.

"இப்போதும் இந்த இடம் யாருடையது?" என்று அம்மா கேட்கச் சொன்னாள். வழிகாட்டி குனிந்து தரையைக் காட்டினார். நாங்கள் நின்ற இடத்தில் மொசைக்கில் சிவப்புக் கோடு போட்ட கரை, இரண்டடி தள்ளி அது சட்டென்று முடிந்து வேறு நிறம், வேறு கரை. அங்கே அடுத்த வீடு ஆரம்பிக்கிறது. "தரை அவரவருடையது. தேய்ந்தால் அவர்தான் சரி செய்யணும். ஆனால் யாரும் அடைக்க முடியாது. எங்கள் ஊரில் எல்லோரும் எல்லோருடைய வீட்டு வழியாகவும் நடக்கிறோம்" என்றார். நான் மொழிபெயர்த்தேன். அம்மா உடனே திண்ணையைப் பற்றி அவருக்குச் சொல்லச் சொன்னாள், வழிப்போக்கர், தலைக்கு உயரமாகக் கட்டிய மேடு, காலையில் அம்மாச்சி வைக்கிற தண்ணீர்ச் சொம்பு எல்லாவற்றையும் ஒவ்வொன்றாக எடுத்துக் கொடுத்தாள். வழிகாட்டி தன் சின்ன நோட்டை எடுத்து 'திண்ணை' என்று இத்தாலிய எழுத்தில் எழுதிக்கொண்டார், இரண்டு தரம் சொல்லிப் பார்த்தார், 'ண்' மட்டும் வரவில்லை. குழுவில் மற்ற பன்னிரண்டு பேரும் பொறுமையாகக் கேட்டுக்கொண்டு நின்றார்கள்.

கடைசியாக இரட்டைக் கோபுரம். அசினெல்லி 97 மீட்டர். பக்கத்தில் கரிசெந்தா 48 மீட்டர், அது ஒரு காலத்தில் இன்னும் உயரமாக இருந்து, சாய்வைப் பார்த்துப் பயந்து பதினான்காம் நூற்றாண்டிலேயே மேல்பகுதியைக் கழற்றிவிட்டார்கள். இத்தாலியக் கவிஞர் தாந்தே பார்த்தது கழற்றுவதற்கு முந்தைய கோபுரத்தை. சாய்கிற பக்கம் அடியில் நின்று பார்க்கும்போது மேகம் கடந்தால் கோபுரமே நம்மேல் விழுவது போல இருக்கும் என்று எழுதியவர் அவர். எங்களால் அடியில் போக முடியவில்லை. கரிசெந்தாவின் நிலைமை மோசமாகிக்கொண்டிருப்பது தெரிந்து 2023 அக்டோபரிலிருந்து சுற்றிலும் அடைத்து வேலை நடக்கிறது. அடிப்பாகத்தில் இருக்கும் கல் செலெனைட், ஜிப்சத்தில் ஒரு வகை, இந்த ஊர்க் குன்றுகளில் கிடைப்பது. ஈரமும் சூடும் அதற்கு ஆகாது, பழைய காலத்தில் கோபுரத்தடியிலேயே உலை வைத்து வேலை செய்ததில் உள்ளுக்குள் நொறுங்கியிருக்கிறது. வழிகாட்டி இதைச் சொல்லும்போது, உடம்பு சரியில்லாத வீட்டுப் பெரியவரைப் பற்றிச் சொல்வது போல ஒரு குரல். பட்டம் வாங்குவதற்கு முன்னால் அசினெல்லியில் ஏறினால் பட்டமே கிடைக்காது என்று மாணவர்களுக்குள் ஒரு நம்பிக்கை உண்டாம், தானும் ஏறவில்லை என்றார்.

பியெல்லா தெருவில் ஒரு சுவரில் சின்ன ஜன்னல். திறந்து பார்த்தால் கீழே வாய்க்கால், இரண்டு பக்கமும் வீட்டுப் பின்சுவர்கள். இந்தத் தண்ணீர்தான் இங்கே பட்டு நூல் ஆலைகளை ஓட்டியது. இப்போது முக்கால்வாசி சாலைக்கு அடியில் மூடிக் கிடக்கிறது. அங்கே நடை முடிந்தது. மணி ஒன்றரை ஆகிவிட்டது, அரை மணி கூடுதல், அவர் கடிகாரத்தைப் பார்க்கவே இல்லை.

நாள் 3, வெள்ளி

நேற்று வழிகாட்டி பிரியும்போது அம்மாவிடம் இரண்டு விஷயம் சொல்லியிருந்தார். ஒன்று, ஆர்க்கிஜின்னாசியோவில் உடற்கூறு மண்டபத்தைப் பாருங்கள். இரண்டாவது, பிற்பகல் ஒரு மணிக்குக் கொஞ்சம் முன்னால் சான் பெத்ரோனியோவுக்குள் இடப்பக்கம் போய் நில்லுங்கள்.

ஆர்க்கிஜின்னாசியோ 1563-இல் கட்டிய பல்கலைக்கழகக் கட்டடம். சுவர், கூரை, படிக்கட்டு எங்கும் படித்தவர்களின் குலச்சின்னங்கள், ஆயிரக்கணக்கில். இந்தப் பல்கலைக்கழகத்தின் ஆரம்ப காலத்தில் மாணவர்கள் சங்கமாகச் சேர்ந்து, ஆசிரியர்களைத் தாங்களே அமர்த்தினார்கள். மணி அடித்ததும் பாடம் தொடங்கணும், அடுத்த மணிக்கு நிறுத்தணும், கடினமான பகுதியைத் தாண்டிப் போனால் அபராதம். அம்மாவிடம் இதைப் படித்துக் காட்டினேன், அவள் கோபப்படுவாள் என்று நினைத்தேன். "சரியாத்தான் செஞ்சிருக்காங்க. கஷ்டமான பாடத்தைத்தான் வாத்தியார் விடுவாங்க, நானே பாத்திருக்கேன்" என்றாள்.

உடற்கூறு மண்டபம் 1637-இல் தொடங்கியது. முழுக்க மரம், சுற்றிலும் படிப்படியாக இருக்கை, நடுவில் வெள்ளைப் பளிங்கு மேஜை. பேராசிரியர் ஆசனத்துக்கு மேலே இருக்கும் விதானத்தை இரண்டு மரச்சிலைகள் தாங்குகின்றன, இரண்டும் தோலுரித்த மனிதர்கள், தசைநார் ஒவ்வொன்றாகத் தெரிய எர்கோலே லெல்லி செதுக்கியது. 1944 ஜனவரி 29-இல் குண்டு விழுந்து மண்டபம் தரைமட்டமானது. இடிபாட்டிலிருந்து பழைய மரத்துண்டுகளைப் பொறுக்கி எடுத்துத் திரும்பக் கோத்திருக்கிறார்கள். சுவரோரச் சிலைகளில் ஒருவர் கையில் எதையோ பிடித்திருக்கிறார், கிட்டே போய்ப் பார்த்தால் ஒரு மூக்கு. காஸ்பரே தாலியாகோத்ஸி, 1599-இல் இறந்தவர், வெட்டுப்பட்ட மூக்கை மேல்கைத் தோலை வைத்துச் சரி செய்தவர். இந்த வேலையைக் கன்னத்துத் தோலை வைத்துச் செய்யும் முறை நம் நாட்டில் சுசுருதர் பெயரில் இருக்கும் பழைய மருத்துவ நூலிலேயே உண்டு. அந்தச் சிலைக்கு முன்னால் நின்றபோது எனக்கு ஏதோ தூரத்துச் சொந்தக்காரரைப் பார்த்தது போல இருந்தது.

ஒன்றே கால் மணி நேரம் அங்கே. பிறகு சான் பெத்ரோனியோ. உள்ளே இடப்பக்கப் பாதையில் தரையில் பித்தளைக் கோடு, 66.8 மீட்டர், தூண்களுக்கு நடுவே சாய்வாக ஓடுகிறது. 1655-இல் வானியல் அறிஞர் காசினி போட்டது. மேலே 27 மீட்டர் உயரத்தில் கூரையில் காசு அளவு ஒரு துளை. உச்சிப்பொழுதில் அந்தத் துளை வழியாக வரும் சூரிய ஒளி கோட்டின்மேல் விழும். கோடையில் துளைக்குக் கிட்டேயும் குளிர்காலத்தில் வாசல்பக்கமும் தள்ளித் தள்ளி விழுவதால் கோடே ஒரு வருடக் காலண்டர். கோட்டின் நீளம் பூமியின் சுற்றளவில் ஆறு லட்சத்தில் ஒரு பங்கு. ஒளிவட்டம் வருடத்தில் எப்போது பெரிதாகிறது, எப்போது சிறுக்கிறது என்று அளந்துதான், சூரியன் நகர்வது போலத் தெரியும் வேகம் பற்றிக் கெப்ளர் சொன்னது சரி என்று காசினி காட்டினார். ஒரு தேவாலயத்துக் கூரையில் ஓட்டை போட அனுமதித்து, அதை வைத்து வானத்தை அளந்திருக்கிறார்கள்.

பன்னிரண்டே முக்காலுக்கு இடம் பிடித்து நின்றோம். மேகம் வந்து வந்து போனது. 12.55-க்குத் தரையில் ஒன்றும் இல்லை. திடீரென்று கோட்டுக்கு மேற்கே ஒரு வெளிச்சம், நீளவட்டம், தோசைக்கல்லை ஒரு பக்கம் இழுத்து நீட்டினது போல, ஓரம் கொஞ்சம் மங்கல். அது நகர்வது கண்ணுக்குத் தெரிகிறது! உற்றுப் பார்க்கவே வேண்டாம், எறும்பு போவது போல, பளிங்கில் இருக்கும் ஒரு சின்னக் கீறலைத் தாண்டி, பித்தளையைத் தொட்டு, பித்தளை பளிச்சென்று மின்னி, வட்டம் கோட்டை ஏறிக் கடந்தது. முழுதாகக் கடக்க இரண்டு நிமிடத்துக்கு மேல் ஆகியிருக்கும். என் கடிகாரத்தில் ஒரு மணி. அம்மா குனிந்து அந்த வெளிச்சத்தில் கையை வைத்தாள். "பூமி சுத்தறதை முப்பத்தி நாலு வருஷம் போர்டுல வரைஞ்சு காட்டினேன்" என்றாள். அவ்வளவுதான் சொன்னாள். வெளியே வந்து பெஞ்சில் உட்கார்ந்த பிறகும் உள்ளங்கையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

நாள் 4, சனி

இன்றைக்கு சான் லூக்கா. ஊருக்குத் தென்மேற்கே குன்றின்மேல் மாதா கோயில், சரகோத்சா வாசலிலிருந்து அது வரைக்கும் ஒரே போர்டிகோ, 3.8 கிலோமீட்டர், 666 வளைவு. உலகத்தில் இதைவிட நீளமானது இல்லை. அம்மாவைச் சிற்றுந்தில் வரச் சொன்னேன். மெலொன்செல்லோ வளைவு வரைக்கும் சமதரைதானே, அதுவரை நடக்கிறேன், அப்புறம் பார்க்கலாம் என்றாள். நடந்தாள். மெலொன்செல்லோவுக்கு மேலே ஏற்றம் தொடங்குகிறது, அங்கே அவளைப் பேருந்தில் ஏற்றிவிட்டு நான் தனியாக ஏறினேன்.

கடைசி இரண்டு கிலோமீட்டர் மூச்சு வாங்குகிறது. சனிக்கிழமை என்பதால் ஓடுகிறவர்கள், குழந்தையைத் தோளில் வைத்தவர்கள், ஜெபமாலை உருட்டிக்கொண்டே போகிற வயதான பெண் ஒருத்தி. சுவரில் வளைவுக்கு வளைவு பெயர்கள், இந்தக் குடும்பம் கட்டிக் கொடுத்தது, அந்தத் தொழிலாளர் சங்கம் கட்டிக் கொடுத்தது என்று. நம் கோயில்களில் டியூப் லைட்டில்கூட உபயம் என்று எழுதியிருக்குமே, அதேதான். 1674-இல் தொடங்கிய வேலை. 1677-இல் ஊர் ஜனம் வரிசையாக நின்று கட்டுமானப் பொருளைக் கைமாற்றிக் கைமாற்றி மலைமேல் ஏற்றினார்களாம்.

இவ்வளவு நீளமாகக் கூரை எதற்கு என்றால், மாதா நனையாமல் வருவதற்கு. 1433-இல் விடாத மழை, பயிர் அழுகுகிற நிலைமை. மேலே இருந்த மாதா படத்தை ஊருக்குள் ஊர்வலமாக இறக்கிக் கொண்டுவந்தார்கள், மழை நின்றது. அன்றிலிருந்து வருஷா வருஷம் இறங்கி வருகிறாள், இப்போது மே மாதத்தில், ஒரு வாரம் ஊருக்குள் இருந்துவிட்டுத் திரும்ப மலையேறுகிறாள். நாம் மழை வரணும் என்று சாமியைத் தூக்கிக்கொண்டு போவோம், இவர்கள் மழை நிற்கணும் என்று.

மேலே போனால் அம்மா எனக்கு முன்னாலேயே வந்து படியில் உட்கார்ந்திருந்தாள், பக்கத்தில் ஒரு இத்தாலியப் பாட்டி. இரண்டு பேருக்கும் பொதுவாக ஒரு சொல் தெரியாது. பாட்டி தன் முழங்காலைத் தட்டிக் காட்டுகிறாள், அம்மா தன் முழங்காலைத் தட்டிக் காட்டுகிறாள்.

இறங்கும்போது அம்மா நடந்தேதான் வருவேன் என்றாள். வேண்டாம் என்று சொல்லிப் பார்த்தேன், கேட்கவில்லை. வளைவுக்கு வளைவு தூணோரத்து மேட்டில் உட்கார்ந்து உட்கார்ந்து, இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆனது மெலொன்செல்லோ வந்து சேர. பாதியில் மழை பிடித்துக்கொண்டது. வளைவுகளுக்கு வெளியே மழை, உள்ளே நாங்கள். எந்த வளைவில் உட்கார்ந்தாலும் யாரும் ஒன்றும் கேட்கவில்லை.

நாள் 5, ஞாயிறு

ரயில் 10.50-க்கு. ஒன்பதரைக்கே கிளம்பிவிட்டோம். அறைக்குக் கீழே போர்டிகோவில் ஒரு பெரியவர் தன் வீட்டு முன்னால் தரையைத் தண்ணீர் விட்டுத் துடைத்துக்கொண்டிருந்தார். அடுத்த வீட்டின் மொசைக் தொடங்கும் கோட்டோடு நிறுத்தினார், அப்புறம் யோசித்துவிட்டு அதிலும் இரண்டடி துடைத்தார். நாங்கள் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஓரமாகப் போகப் பார்த்தோம், ஈரத்தின்மேலேயே போங்கள் என்று கையைக் காட்டினார்.

வந்த அன்று மழையில் ஸ்டேஷனை நாங்கள் பார்க்கவே இல்லை. இன்றைக்கு வெளிச்சத்தில் பார்த்தால், முன்பக்கச் சுவரில் ஒரு கடிகாரம், 10.25-இல் நிற்கிறது. 1980 ஆகஸ்ட் 2, சனிக்கிழமை, விடுமுறைக்குக் கிளம்பிய கூட்டம். இரண்டாம் வகுப்புக் காத்திருப்பு அறையில் குண்டு வெடித்தது. 85 பேர் இறந்தார்கள், இருநூறுக்கு மேல் காயம். வைத்தவர்கள் நவ பாசிஸ்டுகள் என்று நீதிமன்றம் தீர்ப்பளித்தது. காத்திருப்பு அறைச் சுவரில் வெடிப்பு ஒன்றை அப்படியே விட்டிருக்கிறார்கள், வெளிச்சம் உள்ளே வருகிறது. பக்கத்தில் பளிங்கில் பெயர்கள், பெயருக்கு நேரே வயது. ஒரு பெயருக்கு நேரே 3.

அன்றைக்கு ஆம்புலன்ஸ் போதவில்லை. ஊர்ப் பேருந்துகள் வந்து ஆட்களை ஏற்றிக்கொண்டு போயின. 37-ஆம் எண் பேருந்து ஒன்றில் இறந்தவர்களைக் கொண்டு போனார்கள், ஜன்னல்களுக்கு வெள்ளைத் துணி கட்டி.

அம்மா வெளியே வந்து கடிகாரத்துக்கு எதிரே நின்றுகொண்டாள். நேரமாகிறது என்றேன். மணி என்ன என்றாள். 10.19. "ஆறு நிமிஷம்தான், நின்னுட்டுப் போலாம்" என்றாள். நின்றோம். சதுக்கத்தில் பேருந்துகள் வருவதும் போவதுமாக இருந்தன. என் கைக்கடிகாரமும் அந்தக் கடிகாரமும் ஒரே நேரம் காட்டியபோது அம்மா செருப்பைக் கழற்றிவிட்டுக் கை கூப்பினாள். பிறகு செருப்பை மாட்டிக்கொண்டு, பெட்டியின் கைப்பிடியை என்னிடமிருந்து வாங்கி, தானே இழுத்துக்கொண்டு உள்ளே நடந்தாள்.